உத்தரவு கையில் இருக்கிறது, காரியம் நடக்கவில்லை: நீதிமன்ற அவமதிப்பு நடவடிக்கைக்கு ஒரு வழிகாட்டி

மலேசியாவின் பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட் போன்ற தோட்டப்புறப் பட்டணங்களில் வழக்குக்குப் போகிறவர்கள், தீர்ப்பு வந்த அன்றே எல்லாம் முடிந்துவிட்டதாக நினைத்துக்கொள்கிறார்கள். முத்திரை குத்திய உத்தரவைப் பிளாஸ்டிக் உறைக்குள் போட்டு அலமாரியில் பத்திரப்படுத்திவிட்டு, எதிர்த்தரப்பு தானாக இறங்கி வரும் என்று காத்திருக்கிறார்கள். மாதங்கள் பல கடந்த பிறகுதான், "கோர்ட்டே சொல்லியும் கேட்கவில்லையே, ஏன் இன்னும் போலீஸ் பிடிக்கவில்லை?" என்ற கேள்வி எழுகிறது. சிவில் வழக்கில் கொடுத்த உத்தரவு நிறைவேறியதா என்று நீதிமன்றம் தானாகப் பின்தொடர்ந்து பார்ப்பதில்லை. அது போலீசாரின் வேலையும் இல்லை. உத்தரவைப் பெற்றவர்தான் மறுபடியும் நீதிமன்றப் படியேற வேண்டும். ஏறும்போது, எதிராளிக்கு எந்தத் தேதிக்குள் என்ன செய்யும்படி சொல்லப்பட்டது, அந்தத் தாள் அவர் கைக்கு எப்போது போய்ச் சேர்ந்தது என்ற இரண்டையும் ஐயத்துக்கு இடமில்லாமல் காட்டத் தெரிந்திருக்க வேண்டும். உத்தரவுக்குக் கீழ்ப்படியாதவரைத் தண்டிக்கக் கேட்கும் அவமதிப்பு விண்ணப்பங்கள் பெரும்பாலும் இந்த இரண்டு இடங்களில்தான் தடுக்கி விழுகின்றன. எதிராளி செய்தது அநியாயம் என்பது ஊருக்கே தெரிந்திருந்தாலும் விழும்.

மலேசியாவில் நீதிமன்ற அவமதிப்புக்கென்று தனிச் சட்டம் கிடையாது. கூட்டரசு அரசமைப்புச் சட்டத்தின் 126ஆவது விதியும், 1964ஆம் ஆண்டு நீதிமன்றங்கள் சட்டத்தின் 13ஆவது பிரிவும் உயர் நீதிமன்றம், மேல்முறையீட்டு நீதிமன்றம், கூட்டரசு நீதிமன்றம் ஆகியவற்றுக்குத் தம்மை அவமதிப்போரைத் தண்டிக்கும் அதிகாரத்தைத் தருகின்றன. அதை எந்த முறையில் பயன்படுத்த வேண்டும் என்பது 2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளில், குறிப்பாக ‘கட்டளை’ எனப்படும் அதன் பகுதிகளில் 45ஆவதிலும் 52ஆவதிலும் இருக்கிறது. தனிச் சட்டம் இல்லாததால் உயர் நீதிமன்றம் விதிக்கும் தண்டனைக்கு எழுதிவைத்த உச்ச வரம்பும் இல்லை. கீழ் நீதிமன்றங்களுக்கு மட்டும் வரம்பு உண்டு: செஷன்ஸ் நீதிமன்றம் 300 ரிங்கிட் அபராதமோ ஆறு வாரச் சிறையோ விதிக்கலாம், முதல் வகுப்பு மாஜிஸ்திரேட் 150 ரிங்கிட்டோ மூன்று வாரமோ விதிக்கலாம். அபராதத் தொகையைப் பார்த்துச் சிரிப்பவர்கள் அதன் பக்கத்தில் இருக்கும் வாரக் கணக்கைக் கவனிப்பதில்லை.

உத்தரவு எந்த வகை என்று பாருங்கள்

உத்தரவின் தலைப்பில் எந்த நீதிமன்றம், எந்த ஊர், வழக்கு எண் என்ன என்று இருக்கும். உத்தரவு மலாய் மொழியில் இருக்கும். வீட்டில் படித்த பிள்ளை இருந்தால் அதைக் கொண்டு முதலில் வரிவரியாக வாசித்துப் பாருங்கள். வழக்கறிஞர் சொன்னதாக நினைவில் இருப்பதும் தாளில் எழுதியிருப்பதும் ஒன்றாக இருக்க வேண்டும் என்பதில்லை. அவமதிப்புக்குத் தாளில் இருப்பது மட்டுமே கணக்கு.

வாசித்த பிறகு, உத்தரவு பணம் கட்டச் சொல்கிறதா, ஒரு செயலைச் செய்யவோ நிறுத்தவோ சொல்கிறதா என்று பிரித்துக்கொள்ளுங்கள். பெரும்பாலான குழப்பம் இங்கேதான் தொடங்குகிறது. குத்தகையாளர் எட்டாயிரம் ரிங்கிட் கட்ட வேண்டும் என்று தீர்ப்பு வந்து அவர் கட்டவில்லையென்றால், உடனே அவமதிப்பு என்று கிளம்புவது வீண் செலவு. பணத் தீர்ப்பை வசூலிக்கத் தனி வழிகள் இருக்கின்றன. பிலிஃப் எனப்படும் நீதிமன்ற அலுவலர் மூலம் பொருள்களைப் பறிமுதல் செய்து ஏலம் விடலாம். அவருடைய வங்கிக் கணக்கிலோ, அவருக்குப் பணம் தர வேண்டிய மூன்றாம் ஆளிடமோ இருக்கும் தொகையை முடக்கிப் பெறலாம். 1957ஆம் ஆண்டு கடனாளிகள் சட்டத்தின் கீழ் அவரை நீதிமன்றத்துக்கு அழைத்து, வருமானம் என்ன, சொத்து என்ன என்று விசாரித்துத் தவணை கட்டச் செய்யலாம். அந்தத் தவணையையும் வசதி இருந்தும் கட்டாமல் விட்டால் சிவில் சிறை வரை போகலாம். கடன் 100,000 ரிங்கிட்டை எட்டினால் தனிமனிதர்மீது திவால் நடவடிக்கை எடுக்கலாம். கட்டாத தொகைக்கு வழக்கமாக ஆண்டுக்கு 5 விழுக்காடு வட்டி ஏறிக்கொண்டிருக்கும். தீர்ப்பைச் செயற்படுத்த 12 ஆண்டு அவகாசம் உண்டு என்றாலும், 6 ஆண்டைத் தாண்டினால் பறிமுதல் ஆணைக்கு முதலில் நீதிமன்றத்தின் அனுமதி வாங்க வேண்டியிருக்கும். அதுவரை குத்தகையாளரின் லாரி அவர் பெயரில் இருக்குமா என்பது வேறு விஷயம்.

தோட்டப்புறத்தில் அதிகம் கையில் வரும் மற்ற உத்தரவுகளுக்கும் அவற்றுக்குரிய பாதை உண்டு. சம்பளப் பாக்கிக்காகத் தொழிலாளர் இலாகாவில் விசாரணை நடந்து உத்தரவு கிடைத்திருந்தால், அதற்குக் கீழ்ப்படியாததே 1955ஆம் ஆண்டு வேலைச் சட்டத்தின் கீழ் குற்றமாகும். அந்த உத்தரவின் சான்று நகலை செஷன்ஸ் நீதிமன்றத்துக்கோ மாஜிஸ்திரேட் நீதிமன்றத்துக்கோ அனுப்பி, அந்த நீதிமன்றத்தின் தீர்ப்பாகவே பதிவு செய்து நிறைவேற்றவும் முடியும். ஆகவே, கிடைத்த உத்தரவோடு மீண்டும் அதே இலாகா அதிகாரியிடம் எழுத்து மூலம் புகார் கொடுப்பது முதல் வேலை. வேலைநீக்கம் தொடர்பாகத் தொழிலியல் நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பை முதலாளி பின்பற்றவில்லையென்றால், 1967ஆம் ஆண்டு தொழிலியல் உறவுகள் சட்டத்தின் 56ஆவது பிரிவின்படி அதே நீதிமன்றத்தில் புகார் செய்ய வேண்டும். ஜீவனாம்சப் பாக்கிக்கு 1950ஆம் ஆண்டு மணமான பெண்கள், பிள்ளைகள் பராமரிப்புச் சட்டம் இருக்கிறது. கட்டாமல் விட்ட ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை சிறை விதிக்க அதில் இடமுண்டு. கணவர் நிலையான சம்பளக்காரராக இருந்தால், சிறைக்கு அனுப்புவதைவிட அவர் சம்பளத்திலிருந்தே பிடித்துக் கொடுக்கும்படி முதலாளிக்கு உத்தரவு வாங்குவது புத்திசாலித்தனம் என்பது என் கருத்து. உள்ளே இருப்பவரால் பால்மாவு வாங்கித் தர முடியாது. குடும்ப வன்முறைப் பாதுகாப்பு உத்தரவு மீறப்பட்டால் இந்தக் கட்டுரையின் மற்ற படிகள் எதையும் யோசிக்க வேண்டாம். நேராகப் போலீஸ் நிலையம் செல்லுங்கள். 1994ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அந்த மீறல் தனிக் குற்றம். 2,000 ரிங்கிட் வரை அபராதமோ, ஆறு மாதம் வரை சிறையோ, இரண்டுமோ கிடைக்கும்.

எதிர்த்தரப்பு அரசாங்கமாக இருந்தால் நிலைமை மாறும். 1956ஆம் ஆண்டு அரசாங்க வழக்குகள் சட்டத்தின்படி அரசாங்கத்துக்கு எதிராகத் தடையுத்தரவு கிடைக்காது. அதன் சொத்தைப் பறிமுதல் செய்யவும் முடியாது. நிலத்துறையோ மற்ற இலாகாவோ கடமையைச் செய்யவில்லையென்றால் அரசு அதிகாரிகளின் செயலை நீதிமன்றம் பரிசீலிக்கும் நீதிமுறை மறுஆய்வு என்ற வழியில் உயர் நீதிமன்றம் போக வேண்டும். அதற்கு மூன்று மாதக் கெடு இருப்பதால் வழக்கறிஞரைத் தள்ளிப்போடாமல் பாருங்கள்.

தாளைக் கையில் சேர்ப்பது

ஒரு செயலைச் செய்யவோ நிறுத்தவோ சொல்லும் உத்தரவுக்குத்தான் அவமதிப்பு நடவடிக்கை சரியாகப் பொருந்தும். நம் பக்கம் பழக்கமான ஓர் எடுத்துக்காட்டை வைத்துக்கொள்வோம். தோட்டக் கோயில் ஒன்றின் பழைய நிர்வாகக் குழு தேர்தலில் தோற்றுவிட்டது. ஆனால் கணக்குப் புத்தகங்கள், வங்கிக் காசோலை ஏடு, உண்டியல் சாவி, சாமி நகைகள் வைத்திருக்கும் இரும்புப் பெட்டியின் சாவி ஆகியவற்றை முன்னாள் தலைவரும் பொருளாளரும் தரவில்லை. புதிய குழு ஈப்போ உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு வென்றது. "முதல், இரண்டாம் பிரதிவாதிகள் மேற்சொன்னவற்றை வாதியிடம் ஒப்படைக்க வேண்டும்" என்று உத்தரவு.

இந்த உத்தரவில் ஒரு பெரிய ஓட்டை இருக்கிறது. எந்தத் தேதிக்குள் என்று இல்லை. தேதி இல்லாத கட்டளையை மீறினார் என்று ஒருவரைச் சிறைக்கு அனுப்ப எந்த நீதிபதியும் விரும்பமாட்டார். ஆகவே வழக்கு நடக்கும்போதே, கேட்கும் நிவாரணத்தில் "உத்தரவு ஒப்படைக்கப்பட்ட நாளிலிருந்து 14 நாளுக்குள்" என்பது போன்ற சொற்களைச் சேர்க்கும்படி வழக்கறிஞரிடம் சொல்லிவிடுங்கள். விட்டுப்போயிருந்தால், 45ஆவது கட்டளையின் 6ஆவது விதியின்படி காலக்கெடு நிர்ணயிக்கக் கோரி விண்ணப்பிக்கலாம். எந்த இடத்தில் ஒப்படைப்பது, எந்தெந்தப் பொருள், யார் பொறுப்பு என்பவையும் தெளிவாக இருந்தால் பின்னால் "எந்தச் சாவி என்று தெரியவில்லை" என்ற பேச்சுக்கு இடமிருக்காது.

அடுத்து, உத்தரவின் முத்திரையிட்ட நகலில் தண்டனை எச்சரிக்கை எழுதப்பட்டிருக்க வேண்டும். குறித்த காலத்துக்குள் இதற்குக் கீழ்ப்படியாவிட்டால் உங்களைக் கட்டாயப்படுத்துவதற்காகச் சட்ட நடவடிக்கை எடுக்கப்படக்கூடும் என்று பெயர் குறிப்பிட்டுச் சொல்லும் ஒரு பத்தி அது. இதைச் சேர்க்காமல் வெறும் உத்தரவைக் கொடுத்துவிட்டு, ஆறு மாதம் கழித்து அவமதிப்பு என்று வருபவர்களை நீதிமன்றம் திருப்பி அனுப்பிவிடும். எச்சரிக்கை சேர்த்த நகலைப் புதிதாகக் கொடுத்து, காலக்கெடுவையும் புதிதாக வாங்கி, முதலிலிருந்து தொடங்க வேண்டியதாகிவிடும்.

நகலை எதிராளியிடம் நேரில் கொடுக்க வேண்டும், அதுவும் கெடு முடிவதற்கு முன்பே. பதிவுத் தபாலோ, வாட்ஸ்அப்பில் அனுப்பிய படமோ, மனைவியிடம் கொடுத்ததோ, "அண்ணனிடம் சொல்லிவிட்டேன்" என்பதோ இதற்கு ஈடாகாது. வழக்கறிஞர் அலுவலகத்து ஆள் போவதே நல்லது. குழு உறுப்பினர்கள் கூட்டமாகப் போனால் அது வாய்ச்சண்டையில் முடிந்து, மறுநாள் அவர்கள்மீதே போலீஸ் புகார் வரும். கொடுக்கப் போகிறவர் எதிராளியை அடையாளம் காணத் தெரிந்தவராக இருக்க வேண்டும், அல்லது தெரிந்த ஒருவரை உடன் அழைத்துச் செல்ல வேண்டும். முன்னாள் தலைவர் வீட்டு வாசல் கம்பிக் கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டு, "நான் வாங்கமாட்டேன், கொண்டு போ" என்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். பதற்றப்பட வேண்டாம். இது உயர் நீதிமன்ற உத்தரவு, இன்ன தேதிக்குள் கோயில் சாவிகளையும் கணக்கையும் ஒப்படைக்கச் சொல்கிறது என்று அவர் காதில் விழும்படி சொல்லிவிட்டு, கம்பி இடுக்கு வழியாகத் தாளை அவர் காலடியில் வைத்துவிட்டு வந்தால் போதும். வாங்க மறுப்பதால் அவருக்கு எந்தப் பாதுகாப்பும் கிடைப்பதில்லை. போனவர் உடனே நேரம், தேதி, வீட்டு எண், அவர் என்ன உடையில் இருந்தார், என்ன சொன்னார் என்பதைக் குறித்துக்கொண்டு, அன்றோ மறுநாளோ பிரமாண ஆணையர் முன் அஃபிடவிட்டில், அதாவது சத்தியம் செய்து தரும் எழுத்து வாக்குமூலத்தில், கையெழுத்திட வேண்டும். பெசுருஹ்ஜாயா சும்பா (பிரமாண ஆணையர்) என்று பலகை மாட்டிய அலுவலகத்தைத் தேடி இரண்டு மாதம் கழித்துப் போனால், அன்று மழையா வெயிலா என்பது கூட நினைவிருக்காது. எதிர்த்தரப்பு வழக்கறிஞர் முதலில் பிடிப்பது அந்த மறதியைத்தான்.

ஆளே அகப்படாவிட்டால், மாற்று வழியில் சேர்ப்பிக்க நீதிமன்றத்திடம் அனுமதி கேட்கலாம். அதற்கு முன் இருமுறையாவது வீட்டுக்குப் போயிருக்க வேண்டும். இரண்டாம் முறை, இன்ன நாள் இன்ன நேரம் வருகிறோம் என்று முன்கூட்டியே கடிதம் எழுதிவிட்டுப் போவது இங்குள்ள நடைமுறை. அனுமதி கிடைத்தால் வீட்டுக் கதவில் ஒட்டுவது, நாளிதழில் விளம்பரம் செய்வது போன்ற வழிகளை நீதிமன்றம் சொல்லும். எதிராளி கம்பெனியாக இருந்தால், யாரைச் சிறையிட வேண்டும் என்று கேட்கப்போகிறீர்களோ அந்த இயக்குநர் அல்லது அதிகாரியின் கையிலேயே நகல் சேர வேண்டும். தோட்ட அலுவலகக் கிராணியிடம் கொடுத்து ரப்பர் முத்திரை வாங்கியதை வைத்துக்கொண்டு, கோலாலம்பூரில் இருக்கும் இயக்குநரை உள்ளே தள்ள முடியாது.

ஒரு செயலைச் செய்யாதே என்று தடுக்கும் உத்தரவுக்கு இந்தக் கண்டிப்பு சற்றுத் தளர்கிறது. தோட்ட நிர்வாகம் லயத்து வீடுகளுக்குத் தண்ணீரை நிறுத்தக் கூடாது என்று இன்று காலை தடையுத்தரவு கிடைத்து, மாலையே குழாயை அடைக்க ஆள் வந்தால், முத்திரை நகலுக்காகக் காத்திருக்க முடியாது. மானேஜரோ அவருடைய வழக்கறிஞரோ உத்தரவு சொல்லப்பட்டபோது நீதிமன்றத்தில் இருந்திருந்தாலும், தொலைபேசி போன்ற வழிகளில் மானேஜருக்குத் தெரிவிக்கப்பட்டிருந்தாலும், நேரில் ஒப்படைக்காத நிலையிலும் நீதிமன்றம் நடவடிக்கை எடுக்க இடமுண்டு. எந்த எண்ணிலிருந்து எப்போது அழைத்தீர்கள், யார் எடுத்தார் என்பதை எழுதிவைக்க மறக்காதீர்கள்.

கெடு முடிந்த மறுநாள்

கெடு முடிந்த உடனேயே விண்ணப்பம் போட வேண்டுமென்பதில்லை. ஏழு நாள் அவகாசம் தந்து வழக்கறிஞர் மூலம் ஒரு கடிதம் அனுப்புவது வழக்கம். சட்டம் அதைக் கட்டாயமாக்கவில்லை என்றாலும், பொறுமையாக நடந்துகொண்ட தரப்பை நீதிபதி மதிப்பார். பல சமயம் அந்தக் கடிதத்திலேயே சாவி வந்துவிடும். பாதி மட்டும் வந்தால், வந்தவற்றுக்குப் பட்டியல் போட்டு இருதரப்பும் கையெழுத்திடுங்கள். உண்டியல் சாவி வந்துவிட்டது, பெட்டிச் சாவியும் 2019ஆம் ஆண்டுக் கணக்கும் வரவில்லை என்று தெளிவாகச் சொல்ல முடிந்தால்தான் மீறல் எது என்று காட்ட முடியும்.

அவமதிப்பு விண்ணப்பம் இரண்டு கட்டமாக நடக்கும். முதலில் அனுமதி கேட்க வேண்டும். இதற்கு எதிர்த்தரப்பை அழைக்க மாட்டார்கள். அனுமதி விண்ணப்பத்தோடு ஓர் அறிக்கையும் அஃபிடவிட்டும் போக வேண்டும். அறிக்கையில் உங்கள் பெயர் விவரம், யாரைச் சிறையிடக் கேட்கிறீர்களோ அவர் விவரம், எந்தக் காரணங்களுக்காக என்பவை இருக்கும். இந்த அறிக்கையை எழுதும் நாளில் வழக்கறிஞர் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு வரியையும் பாருங்கள். பின்னால் நடக்கும் விசாரணையில் இதில் சொல்லப்பட்ட காரணங்களுக்கு வெளியே போக முடியாது. முன்னாள் பொருளாளர் திருவிழாக் காசை எடுத்துக்கொண்டார் என்ற ஊர்ப்பேச்சை இங்கே நுழைப்பதில் பயனில்லை. அது வேறு வழக்கு. உத்தரவில் எந்த வரி, எந்தக் கெடு, எந்த நாள் நகல் ஒப்படைக்கப்பட்டது, இன்று வரை எது செய்யப்படவில்லை என்பவை மட்டும் போதும்.

அனுமதி கிடைத்த நாளிலிருந்து 14 நாளுக்குள் அடுத்த விண்ணப்பத்தை விசாரணைக்குப் பதிய வேண்டும்; தவறினால் அனுமதி காலாவதியாகிவிடும். அடுத்தவர் காலம் கடத்தியதற்காக வந்தவர்கள் தாங்களே காலம் கடத்தித் தோற்பது இங்கேதான். அந்த விண்ணப்பமும் அறிக்கையும் அஃபிடவிட்டும் மறுபடி எதிராளியின் கையில் நேரில் சேர வேண்டும். நீதிமன்றம் வேறு விதமாகச் சொல்லாவிட்டால், சேர்ந்த நாளுக்கும் விசாரணை நாளுக்கும் இடையே முழுதாக எட்டு நாளாவது இருக்க வேண்டும்.

விசாரணையில், சிவில் வழக்காக இருந்தாலும் கிரிமினல் வழக்குக்குரிய அளவில், நியாயமான சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டும். ஒருவருடைய சுதந்திரம் பறிபோகக்கூடும் என்பதால் இந்தக் கண்டிப்பு. எதிராளி சாட்சி சொல்லலாம், அஃபிடவிட் போடலாம், மன்னிப்புக் கேட்கலாம். மன்னிப்புக் கேட்டுச் சாவியையும் ஒப்படைத்துவிட்டால் பெரும்பாலும் அபராதமோ செலவுத்தொகையோ கட்டச் சொல்லி முடித்துவிடுவார்கள். சிறைத் தண்டனை விதித்து, இன்ன நாளுக்குள் ஒப்படைத்தால் உள்ளே போக வேண்டியதில்லை என்று நிறுத்திவைக்கவும் நீதிமன்றத்தால் முடியும். எதிராளி கம்பி எண்ண வேண்டும் என்ற ஆசையோடு வந்தவர்களுக்கு இது ஏமாற்றமாக இருக்கும். ஆனால் கோயிலுக்குத் தேவைப்படுவது சாவியும் கணக்கும்தான்.

சிறையிடும் ஆணை கிடைத்தாலும் அதை நிறைவேற்ற ஆள் கிடைக்க வேண்டும் என்பதற்குப் பேராக்கிலேயே ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது. ஈப்போவைச் சேர்ந்த பாலர் பள்ளி ஆசிரியை இந்திரா காந்தியின் முன்னாள் கணவர் 2009இல் மூன்று பிள்ளைகளையும் ஒருதலையாக மதமாற்றம் செய்து, 11 மாதக் கைக்குழந்தையாக இருந்த கடைசி மகளைத் தூக்கிச் சென்றார். 2010இல் ஈப்போ உயர் நீதிமன்றம் பிள்ளைகளைத் தாயின் பொறுப்பில் ஒப்படைத்தது. தந்தை குழந்தையைத் தரவில்லை. 2014 மே மாதம் அவர் அவமதிப்புக் குற்றவாளி என்று தீர்ப்பாகிச் சிறையிடும் ஆணை பிறந்தது. அந்த ஆணையைப் போலீஸ் நிறைவேற்ற வேண்டும் என்று சொல்லவைக்கவே அந்தத் தாய் கூட்டரசு நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. 2016 ஏப்ரலில்தான் போலீஸ் படைத் தலைவருக்கு அந்த உத்தரவு கிடைத்தது. 2018 ஜனவரியில் மதமாற்றமும் செல்லாது என்று கூட்டரசு நீதிமன்றம் ஒருமனதாகத் தீர்ப்பளித்தது. அதற்குப் பின்னும் ஆண்டுகள் ஓடின, குழந்தை தாயிடம் வரவில்லை. சட்டத்தின் ஒவ்வொரு படியையும் சரியாக ஏறியவருக்கே இந்த நிலை என்பதைத் தெரிந்துகொண்டுதான் நாம் உள்ளே போக வேண்டும். பிள்ளைப் பொறுப்பு வழக்குகளில் எதிராளி ஊரைவிட்டுப் போகக்கூடும் என்ற ஐயம் இருந்தால், கடவுச்சீட்டை நீதிமன்றத்தில் ஒப்படைக்கச் சொல்லும் கோரிக்கையைத் தொடக்கத்திலேயே சேர்க்கும்படி வழக்கறிஞரிடம் பேசுங்கள்.

உத்தரவு உங்கள்மீது இருந்தால்

இந்தக் கட்டுரையை வாசிப்பவர்களில் சிலர் அந்த முன்னாள் தலைவரின் இடத்தில் இருப்பீர்கள். உத்தரவு தவறு, நீதிபதி நம் பக்கத்தைக் கேட்கவே இல்லை என்று நீங்கள் உண்மையாகவே நம்பலாம். அந்த நம்பிக்கை உங்களைக் காப்பாற்றாது. எம்.பி.எப். ஹோல்டிங்ஸ் தொடர்பான வழக்கில் 1993இல் அன்றைய உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது: ஓர் உத்தரவு ரத்து செய்யப்படும் வரை, அது முறைகேடானது என்று கருதுபவரும் அதற்குக் கட்டுப்பட்டே ஆக வேண்டும்.

அப்பீல் போட்டுவிட்டால் உத்தரவு தானாக நின்றுவிடும் என்பது நம் வட்டாரத்தில் பரவலாக உள்ள தவறான நம்பிக்கை. நிற்காது. மாஜிஸ்திரேட், செஷன்ஸ் நீதிமன்றத்திலிருந்து உயர் நீதிமன்றத்துக்குப் போக 14 நாள், உயர் நீதிமன்றத்திலிருந்து மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போக 30 நாள் என்பது பொதுவான கெடு. அந்தக் கெடுவுக்குள் அப்பீல் அறிவிப்பைப் போடுவதோடு, உத்தரவை நிறுத்திவைக்கும்படி தனியாக விண்ணப்பித்து, சிறப்புக் காரணங்களையும் காட்ட வேண்டும். நிறுத்திவைப்பு கிடைக்கும்வரை உத்தரவு உயிரோடுதான் இருக்கிறது.

கீழ்ப்படிய மனம் இருந்தும் முடியவில்லையென்றால், பேசாமல் இருப்பதைப் போன்ற கேடு வேறில்லை. கணக்காய்வாளர் புத்தகங்களைத் திருப்பித் தரவில்லை, பெட்டிச் சாவியை வைத்திருந்தவர் காலமாகிவிட்டார், வீட்டைக் காலி செய்ய மாற்று வீடு அமையவில்லை போன்ற காரணங்கள் உண்மையாக இருக்கலாம். அவற்றைக் கெடு முடிவதற்குள் எதிர்த்தரப்பு வழக்கறிஞருக்கு எழுதுங்கள். அவர்கள் ஒத்துக்கொள்ளாவிட்டால் காலநீட்டிப்புக்கு விண்ணப்பியுங்கள். கெடு முடிந்த பிறகும் நீட்டிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. ஆனால் முன்னால் கேட்டவருக்கும், அவமதிப்பு விண்ணப்பம் கையில் வந்த பிறகு கேட்டவருக்கும் கிடைக்கும் வரவேற்பு ஒன்றாக இருக்காது. கொடுக்க முடிந்ததை உடனே கொடுத்துவிட்டு, முடியாததற்கு மட்டும் அவகாசம் கேளுங்கள். அனுமதி பெற்ற அவமதிப்பு விண்ணப்பம் உங்கள் கைக்கு வந்துவிட்டால், குறித்த தேதியில் கட்டாயம் போங்கள். சிவில் வழக்குதானே, வழக்கறிஞர் பார்த்துக்கொள்வார் என்று வேலைக்குப் போய்விட்டால், கைது ஆணை பிறப்பிக்க இடம் கொடுத்துவிடுவீர்கள்.

வழக்கு நடக்கும்போது வாயையும் கைப்பேசியையும் அடக்கிவைப்பது இருதரப்புக்கும் பொருந்தும். நீதிபதி பணம் வாங்கிவிட்டார், இந்த நீதிமன்றமே ஒருதலைப்பட்சம் என்று முகநூலில் எழுதுவதும், வாட்ஸ்அப் குழுவில் பரப்புவதும் தனி வகை அவமதிப்பு. தன் செய்தித் தளத்தில் வாசகர்கள் எழுதிய கருத்துகளுக்காகவே மலேசியாகினிக்கு 2021 பிப்ரவரியில் கூட்டரசு நீதிமன்றம் 500,000 ரிங்கிட் அபராதம் விதித்தது. கோயில் முகநூல் பக்கத்தை நடத்துகிறவர், கீழே யார் என்ன எழுதுகிறார்கள் என்பதையும் பார்த்துக்கொள்வது நல்லது.

உதவி எங்கே

ஐயாயிரம் ரிங்கிட்டுக்கு உட்பட்ட சிறு வழக்குகளை மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் வழக்கறிஞர் இல்லாமலேயே நடத்தலாம். அங்கே இருதரப்புக்கும் வழக்கறிஞர் வைக்க அனுமதி இல்லை. அவமதிப்பு நடவடிக்கையை மட்டும் சொந்தமாக நடத்திப் பார்க்க வேண்டாம் என்று அழுத்தமாகச் சொல்வேன். ஓர் எழுத்துப் பிசகில் முழு விண்ணப்பமும் தள்ளுபடியாகி, எதிராளியின் செலவையும் நீங்கள் கட்ட நேரிடும். வசதி இல்லாதவர்கள் ஈப்போவில் உள்ள சட்ட உதவி இலாகாவையோ, வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையத்தையோ அணுகலாம். வருமானத்தைப் பார்த்துத் தகுதியை முடிவு செய்வார்கள் என்பதால் சம்பளச் சீட்டும் அடையாள அட்டை நகலும் தேவைப்படும். இவற்றோடு உத்தரவின் முத்திரையிட்ட நகல், அது ஒப்படைக்கப்பட்டதற்கான அஃபிடவிட், இருதரப்புக் கடிதங்கள், கெடு முடிந்த பிறகு எடுத்த தேதியுள்ள படங்கள் ஆகியவற்றை நாள் வரிசைப்படி அடுக்கிக் கொண்டு செல்லுங்கள். அசல்களை யாரிடமும் விட்டுவிட்டு வராதீர்கள். நகல் எடுத்துக் கொடுத்து, கொடுத்ததற்குக் கையெழுத்தும் வாங்கிக்கொள்ளுங்கள்.